லினக்ஸில் ஸ்டீம்: ரன்டைம் ஃபோல்டரில் கை வைக்காதீர்கள்

டெபியன் லினக்ஸ் போட்ட, ஏஎம்டி கிராஃபிக்ஸ் உள்ள லேப்டாப்பில்தான் பல வருடமாக வால்வ் நிறுவனத்தின் கேம் தளமான ஸ்டீமை ஓட்டுகிறேன். கேம்களைப் பற்றி எழுத ஆட்கள் நிறைய இருக்கிறார்கள். அந்தக் கேம்கள் நம்பியிருக்கும் ஷேர்டு லைப்ரரி கோப்புகளை (பல புரோகிராம்கள் பொதுவாகப் பயன்படுத்தும் கோடு)ப் பற்றி, ஏதாவது திறக்காமல் போனால்தான் பேச்சு வருகிறது. இவ்வளவு நாள் பயன்படுத்திய பிறகு எனக்கு இதில் உறுதியான ஒரு கருத்து இருக்கிறது: ஸ்டீம் கொண்டுவரும் லைப்ரரிகளை அப்படியே விட்டுவிடுங்கள். பார்க்க வேண்டியது உங்கள் டிரைவரை.

காரணம் சொல்கிறேன். லினக்ஸுக்கான ஸ்டீம் 2013 பிப்ரவரியில் வெளிவந்தது. உபுண்டு, ஃபெடோரா, ஆர்ச் என்று ஒவ்வொரு டிஸ்ட்ரோவிலும் (லினக்ஸ் வகையிலும்) லைப்ரரி பதிப்புகள் வேறு வேறு. கேம் செய்பவர் எதை நம்பி கம்பைல் செய்வார்? அதனால் வால்வ் நிறுவனம் உபுண்டு 12.04-ஐ அடிப்படையாகக் கொண்ட ஒரு லைப்ரரித் தொகுப்பை ஸ்டீமுடனேயே கொடுத்தது. இதைத்தான் ரன்டைம் என்கிறோம்; முதல் ரன்டைமின் பெயர் ஸ்கவுட். பிறகு டெபியன் 10-ஐ வைத்து சோல்ஜர், டெபியன் 11-ஐ வைத்து ஸ்னைப்பர். எல்லாம் வால்வின் டீம் ஃபோர்ட்ரஸ் 2 கேமில் வரும் பாத்திரங்களின் பெயர்கள்.

ஸ்கவுட் முதலில் வேலை செய்த விதம் ரொம்ப எளிது. "லைப்ரரியை முதலில் இந்த ஃபோல்டரில் தேடு" என்று கேமிடம் சொல்லிவிடும், அவ்வளவுதான். சிக்கல் கிராஃபிக்ஸ் டிரைவரில் வந்தது. மெசா என்ற கிராஃபிக்ஸ் டிரைவர் நம் சிஸ்டத்தைச் சேர்ந்தது, புதியது. அது புதிய சி++ லைப்ரரியைக் கேட்கும். ஆனால் ஸ்டீமின் பழைய சி++ லைப்ரரி அதே பெயரில் முன்பே மெமரியில் ஏறியிருக்கும். அதே பெயரில் இன்னொன்று ஏறாது. டிரைவர் லோடு ஆகாமல் நிற்கும். ஆர்ச் மாதிரி எப்போதும் புதுப் பதிப்பில் இருக்கும் டிஸ்ட்ரோக்களில் இது சர்வசாதாரணமாக இருந்தது.

ரன்டைம் ஃபோல்டருக்குள் போய் அந்த சி++ கோப்பை அழித்துவிடு என்ற யோசனை அப்போது பரவியதுதான். அழித்தால் ஓடும், ரன்டைம் அப்டேட் ஆனதும் கோப்பு திரும்ப வந்துவிடும். பின்னர் ஸ்டீமே சிஸ்டத்தில் இருப்பதையும் தன்னிடம் இருப்பதையும் ஒப்பிட்டு, புதியது எதுவோ அதை எடுக்கத் தொடங்கியது. அத்தோடு அந்த யோசனைக்கு வேலை முடிந்தது. இன்றும் அதைப் புதியவர்களுக்குச் சொல்லிக்கொடுப்பதைப் பார்த்தால் வருத்தமாக இருக்கிறது.

உண்மையான மாற்றம் சோல்ஜரோடு வந்தது. கேமை ஒரு கண்டெய்னருக்குள், அதாவது சிஸ்டத்திலிருந்து பிரித்த ஒரு தனிச் சூழலுக்குள் வைத்து ஓட்டுகிறார்கள். அதைச் செய்யும் கருவியின் பெயர் ப்ரஷர் வெசல், அடியில் இருப்பது பப்பிள்ராப். ஸ்னைப்பர் ஃபோல்டரில் 'ரன்' என்று ஒரு ஸ்கிரிப்ட் இருக்கும். அதைக் கொண்டு உள்ளே ஒரு ஷெல் திறந்து, எந்த ஓஎஸ் என்று கேட்டுப் பாருங்கள். உங்கள் டிஸ்ட்ரோ பெயர் வராது, ஸ்டீம் ரன்டைம் 3 (ஸ்னைப்பர்தான்) என்று வரும். 'ஓவர்ரைட்ஸ்' ஃபோல்டரைத் திறந்தால் வரிசையாக சிம்லிங்க்குகள் (வேறு கோப்பைச் சுட்டும் இணைப்புகள்), அதில் பல நம் சிஸ்டத்தின் டிரைவரையும் அதற்கு வேண்டிய லைப்ரரிகளையும் காட்டி நிற்கும். எதை வெளியிலிருந்து எடுத்தது, எதைத் தன்னுடையதாகவே வைத்துக்கொண்டது என்பது அங்கே வெட்டவெளிச்சம். இவ்வளவு நேர்த்தியான வேலையை நான் வேறு எந்த லாஞ்சரிலும் பார்க்கவில்லை.

பலன் கண்ணால் பார்த்தது. என்னிடம் ஒரு பழைய லினக்ஸ் கேம் இருக்கிறது; அதற்கு லிப்-பிஎன்ஜி 12 என்ற பழைய பட லைப்ரரி வேண்டும். டெபியன் அதை எப்போதோ கைவிட்டுவிட்டது. ஸ்கவுட்டில் இன்னும் இருக்கிறது. கேமின் ப்ராப்பர்ட்டீஸில் கம்பேட்டிபிலிட்டி போய் ஸ்டீம் லினக்ஸ் ரன்டைம் 1.0-ஐ (ஸ்கவுட்) தேர்ந்தெடுத்தேன். திறந்தது, சத்தமும் வந்தது. விண்டோஸ் கேம்களை ஓட்டும் ப்ரோட்டானும் 2020-இல் வந்த 5.13-இலிருந்து சோல்ஜருக்குள்தான் ஓடியது, 8.0-இல் ஸ்னைப்பருக்கு மாறியது.

குறைகளும் உண்டு. ஒவ்வொரு ரன்டைமும் சில நூறு எம்பி பிடிக்கும், அப்டேட்டும் அடிக்கடி வரும். ஹாட்ஸ்பாட்டில் டவுன்லோடு செய்பவர்களுக்கு வலிக்கும். கண்டெய்னர் எல்லாவற்றையும் மறைக்கவும் முடியாது. சிஸ்டத்தில் ஜிலிப்சி (எல்லா புரோகிராம்களும் நம்பியிருக்கும் அடிப்படை சி லைப்ரரி) புதிதாக இருந்தால் அதையேதான் உள்ளே எடுத்துக்கொள்ளும். 2022 ஆகஸ்டில் ஜிலிப்சி 2.36 லைப்ரரிக்குள் ஃபங்ஷன்களைத் தேட உதவும் ஒரு பழைய ஹாஷ் பட்டியலை இயல்பு பில்டிலிருந்து நீக்கியபோது, அதை நம்பியிருந்த ஈஸி ஆன்ட்டி-சீட் (ஏமாற்று தடுப்பு மென்பொருள்) உள்ள கேம்கள் தடுக்கி விழுந்தன. ஆர்ச் அந்தப் பட்டியலைத் திரும்பச் சேர்த்த பிறகுதான் அங்கே சரியானது.

32-பிட் விஷயத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். பழைய கேம்கள் ஏராளம் 32-பிட். 2019 ஜூனில் உபுண்டு 32-பிட் பேக்கேஜ்களை விடப்போவதாக அறிவித்து, எழுந்த எதிர்ப்பில் தேவையானவற்றை மட்டும் வைத்துக்கொண்டது நினைவிருக்கலாம். கேம் திறக்கவில்லை என்று நண்பர்கள் கூப்பிட்டால் நான் முதலில் கேட்பது இதுதான்: மெசாவின் 32-பிட் பேக்கேஜ் போட்டிருக்கிறதா? என்விடியா என்றால் 32-பிட் டிரைவரும் 64-பிட் டிரைவரும் ஒரே பதிப்பா? பாதிப் பேருக்கு அங்கேயே விடை கிடைத்துவிடும்.

அப்படியும் ஓடவில்லையென்றால் இணையத்தில் கிடைத்த எஸ்ஓ (ஷேர்டு லைப்ரரி) கோப்பை எடுத்து ரன்டைமுக்குள் போடாதீர்கள். யார் பில்ட் செய்தது என்றே தெரியாத கோப்பு அது. கேம் பட்டியலில் டூல்ஸைத் தேர்ந்தெடுத்து, அந்த ரன்டைமுக்கு வெரிஃபை கொடுங்கள்; கெட்டுப்போன கோப்புகளைத் தானே மாற்றிக்கொள்ளும். அடுத்து ஹெல்ப் மெனுவில் ஸ்டீம் ரன்டைம் டயக்னாஸ்டிக்ஸ். எந்த டிரைவர் கிடைத்தது, எந்த லைப்ரரி லோடு ஆகவில்லை என்று நீளமாகக் காட்டும். யாரிடமாவது உதவி கேட்பதாக இருந்தால் அதை முழுசாக காப்பி செய்து அனுப்புங்கள். "கேம் ஓடல" என்று மட்டும் சொன்னால் எதிரில் இருப்பவர் ஊகிக்கத்தான் முடியும்.