கருநெல்லியா, குறிஞ்சிச் சாறா: கதையில் காலத்தை நிறுத்த எது உதவும்?

அப்பாவுக்கு வயது ஏறக் கூடாது, மகளுக்கு மட்டும் ஏற வேண்டும். நான் எழுதிய சிறுகதைக்கு இப்படி ஒரு மருந்து தேவைப்பட்டது. மந்திரவாதியோ இயந்திரமோ வேண்டாம், நம் மலையில் முளைக்கிற ஏதாவது ஒரு செடியின் சாறாக இருக்கட்டும் என்று முதலிலேயே முடிவு செய்துவிட்டேன். கடைசியில் இரண்டு செடிகள் நின்றன. இரண்டையும் வைத்துத் தனித்தனியாக எழுதிப் பார்த்தேன். இதே மாதிரிக் கதை எழுத நினைப்பவர்களுக்கு என் அனுபவம் உதவலாம்.

மெசொப்பொத்தேமியக் கதையில் கடலடியில் முளைக்கிற முள்செடி ஒன்று வரும். கிழவனை வாலிபனாக்கும் செடி. அதைப் பாம்பு தின்றுவிட்டுச் சட்டையை உரித்துப் போட்டுப் போய்விடும். அருமையான கற்பனைதான், ஆனால் என் கதை நடப்பது பழனி மலையில். சித்தர் பாடல் சொல்கிற இஞ்சி, சுக்கு, கடுக்காயையும் யோசித்தேன். ஒரு மண்டலம் தின்றால் கிழவனும் பாலனாவான் என்பது அதன் வாக்கு. மூன்றும் எல்லா வீட்டு அஞ்சறைப் பெட்டிக்கும் பக்கத்தில் இருப்பவை என்பதால் மர்மம் ஒட்டவில்லை.

ஆகவே முதலில் கருநெல்லி. தகடூர் அதியமான் ஔவைக்குக் கொடுத்த கனி. புறநானூற்றின் 91ஆம் பாட்டில் ‘சிறியிலை நெல்லி’ என்றுதான் இருக்கிறது, ‘கரு’ என்பது பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது. சாவை நீக்கும் கனி என்று சொன்னால் தமிழ் வாசகருக்கு அதற்கு மேல் விளக்கமே வேண்டாம். சுவையும் கதைக்கு வாகானது: தின்னும்போது துவர்ப்பு, பிறகு தண்ணீர் குடித்தால் இனிப்பு. பின்னால் வருவதை மாற்றிவிடுகிற பழம். எனக்கு மிகவும் பிடித்திருந்தது.

ஆனால் கையிருப்புக் கேள்வியில் கதை சிக்கிக்கொண்டது. அப்பா நெல்லியைத் தின்கிறார், சரி. மனைவிக்கும் ஒன்று கொடுத்தால் என்ன? மரத்தில் ஒரே ஒரு கனிதான் இருந்தது என்று எழுதினேன். அடுத்த வருஷம் காய்க்காதா? இடி விழுந்து மரம் கருகிவிட்டது என்று எழுதினேன். கொட்டையை நட்டால்? அதற்கும் ஒரு காரணம் தேட வேண்டியிருந்தது. மூன்று பக்கம் வேலி போடவே சரியாகிவிட்டது, மகள் இன்னும் கதைக்குள் வரவே இல்லை. ஔவை கதையில் இந்தத் தொல்லை எழாததற்குக் காரணம், அது கொடுப்பதைப் பற்றிய கதை. கிடைத்தற்கரிய ஒன்றைத் தான் உண்ணாமல் கொடுத்ததோடு அது நிறைவாகிவிடுகிறது. என்னுடையது காலத்தைப் பற்றிய கதை. மருந்து மறுபடி எப்போது கிடைக்கும் என்று வாசகர் கேட்டுக்கொண்டே இருப்பார்.

குறிஞ்சியில் அந்தக் கேள்விக்குச் செடியே பதில் சொல்லிவிடுகிறது. நீலக்குறிஞ்சி பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை மலைச்சரிவு முழுக்க ஒன்றாகப் பூக்கும், விதை விட்டதும் செத்துப்போகும். அடுத்த பூவுக்கு விதையிலிருந்து மறுபடி பன்னிரண்டு ஆண்டு. வேலி போடும் வேலையே எனக்கு இல்லை. 1994இல் பூத்தது, 2006இல் பூத்தது, 2018இல் பூத்தது. இந்த மூன்று ஆண்டுகளையும் அப்படியே எடுத்துக்கொண்டேன். 1994இல் அப்பாவுக்கு 32, மகளுக்கு 8. அவர் பூச்சாறு குடித்துப் புதரடியில் தூங்கிப்போகிறார். விழிக்கும்போது தலைக்கு மேலே அசைவது அவர் குடித்த செடியின் பிள்ளை. மகளுக்கு இப்போது 20. அவளை அப்படிப் பார்க்கத் தாங்காமல் மறுபடி குடிக்கிறார். அடுத்த விழிப்பில் அவளுக்கும் 32. அப்பாவும் மகளும் ஒரே வயதில் எதிரெதிரே நிற்கிற அந்த இடம் நான் யோசித்து வைத்ததல்ல. செடியின் கணக்கு கொண்டுவந்து நிறுத்தியது. எழுதும்போது எனக்கே கண் கலங்கிவிட்டது.

முதலில் சாறு என்று இல்லாமல் குறிஞ்சித் தேன் என்றே எழுதியிருந்தேன். கருங்கோல் குறிஞ்சிப் பூவில் தேனீ தேன் இழைப்பது குறுந்தொகையின் மூன்றாம் பாட்டிலேயே இருக்கிறதே, அதைவிட நல்ல வேர் எது? தேனிக்காரத் தோழி படித்துவிட்டு, “ஏன்டி, தேன் கெட்டே போகாதே, ஒரு பாட்டில் எடுத்து அடுக்களையில வெச்சுக்கிட்டா நெனச்சப்பல்லாம் குடிக்கலாமே?” என்றாள். நெல்லியில் பட்ட அதே அடி. உடனே மாற்றினேன். பறித்த பூவைக் கசக்கிப் பிழிந்து அன்றைக்கே குடிக்க வேண்டும், பொழுது சாய்ந்தால் வெறும் தண்ணீர். தேன் இப்போது கதையில் வாசனையாக மட்டும் இருக்கிறது.

குறிஞ்சியிலும் குறை உண்டு. வயதை நிறுத்தும் என்ற நம்பிக்கை எதுவும் இந்தப் பூவைச் சுற்றி எனக்குக் கிடைக்கவில்லை. நெல்லிக்கு இருக்கிற பழைய புகழ் இதற்கு இல்லாததால், மந்திரத்தை முழுக்க நாமேதான் கட்ட வேண்டும். சமவெளியில் இருக்கிற வாசகர் பலர் பூவை நேரில் பார்த்திருக்க மாட்டார்கள். அவர்களுக்காக ஒரு பத்தி கூடுதலாகச் செலவானது. இன்னொன்று, எல்லாச் சரிவும் ஒரே ஆண்டில் பூப்பதில்லை. விவரம் தெரிந்தவர், பக்கத்து மலைக்குப் போய்க் குடிக்கலாமே என்று கேட்பார். எந்த மலையின் பூவோ அந்த மலைக்காரரிடம்தான் வேலை செய்யும் என்று ஒரே வரியில் அடைத்திருக்கிறேன். சிறுகதைக்கு அது போதுமாக இருந்தது. நாவலின் நீளத்துக்கு அந்த ஒரு வரி தாங்குமா என்று நான் எழுதிப் பார்க்கவில்லை. ஒருவர் இன்னொருவருக்கு மருந்தை விட்டுக்கொடுப்பதுதான் உங்கள் கதை என்றால், யோசிக்காமல் நெல்லிக்கே போங்கள்.

என் கதையின் கடைசிப் பக்கம் 2030இல் நடக்கிறது. சரிவெல்லாம் மறுபடி நீலம். மகளுக்கு 44 வயது, கையில் ஒரு பிடி பூ.