ஏ.ஆர்.வி., ஏ.ஆர்.டி., ஹார்ட், டி.எல்.டி.: எந்த இடத்தில் எந்தப் பெயரைச் சொல்வது?

எச்.ஐ.வி.க்குச் சாப்பிடும் மாத்திரைக்கு இருக்கிற பெயர்களைக் கேட்டால் தலை சுற்றும். ஒருத்தர் ஏ.ஆர்.வி. என்கிறார், இன்னொருத்தர் ஏ.ஆர்.டி. என்கிறார், பழைய டாக்டர்கள் ஹார்ட் என்பார்கள், ஆஸ்பத்திரிச் சுவரில் கூட்டு மருந்து சிகிச்சை என்று எழுதியிருக்கும், பாட்டிலைத் திருப்பினால் வாயில் நுழையாத மூன்று பெயர்கள். எல்லாம் ஒரே மாத்திரைதானே, எதைச் சொன்னால் என்ன என்று கேட்கலாம். பழைய வண்ணாரப்பேட்டையில் மெடிக்கல் கவுன்ட்டரில் நிற்கிறவன் என்ற முறையில் சொல்கிறேன், சொல்கிற பெயரைப் பொறுத்து உங்களுக்குக் கிடைக்கிற பதிலே மாறிவிடும். அதனால் ஒவ்வொன்றாகப் பார்த்துவிடலாம்.

ஏ.ஆர்.வி. என்பதை விரித்தால் ஆன்டி ரெட்ரோ வைரல். எச்.ஐ.வி. ஒரு ரெட்ரோ வைரஸ், அதாவது தன்னுடைய ஆர்.என்.ஏ.வை டி.என்.ஏ.வாக மாற்றி எழுதி நம் செல்லின் டி.என்.ஏ.வுக்குள்ளேயே செருகிக்கொள்ளும் வகை. அதைத் தடுக்கும் எந்த மருந்தும் ஏ.ஆர்.வி.தான். புத்தகத்தில் படிக்க நல்ல சொல். நம் ஊர் அரசு ஆஸ்பத்திரியில் மட்டும் இதைச் சொல்லிவிடாதீர்கள், ஏனென்றால் ஓ.பி. சீட்டில் ஏ.ஆர்.வி. என்று எழுதினால் அங்கே அது நாய்க்கடி ஊசி, ஆன்டி ரேபிஸ் வேக்சின். தெருவுக்கு நாலு நாய் திரிகிற ஊரில் அந்த அர்த்தம்தான் முதலில் நிற்கும். "ஏ.ஆர்.வி. எங்க குடுக்குறாங்கக்கா?" என்று நர்ஸைக் கேட்டால், "எங்கப்பா கடிச்சுது, எப்ப கடிச்சுது?" என்று திருப்பிக் கேட்பார். அவர் மேல் தப்பே இல்லை.

ஏ.ஆர்.டி.யில் கடைசி எழுத்து தெரபி, சிகிச்சை. மாத்திரையோடு சேர்த்து சி.டி.4 (நோய் எதிர்ப்பு செல்களின் எண்ணிக்கை), வைரல் லோடு (ரத்தத்தில் வைரஸின் அளவு) பரிசோதனைகள், ஆலோசகரிடம் பேசுவது, மாதா மாதம் மீதி மாத்திரையை எண்ணிப் பார்ப்பது எல்லாம் இதில் அடக்கம். அரசு வைத்திருக்கும் பெயரும் இதுதான். 2004 ஏப்ரல் 1 அன்று இந்தியாவில் இலவச ஏ.ஆர்.டி. தொடங்கியபோது முதல் எட்டு மையங்களில் தாம்பரம் சானடோரியம் ஒன்று. அப்போது நம்ம பக்கத்து ஆட்கள் திருவொற்றியூரிலிருந்தும் எண்ணூரிலிருந்தும் ஊரின் அந்தக் கோடிக்குப் போய் வர வேண்டும், இப்போது பக்கத்து ஸ்டான்லி அரசு ஆஸ்பத்திரியிலேயே மையம் இருக்கிறது. ஆக, எங்கே போக வேண்டும் என்று கேட்பதற்கு ஏ.ஆர்.டி. சென்டர் என்பதுதான் சரியான சொல். ஆனால் போனில் தேடினால் கவனம். குழந்தையின்மைக்கான செயற்கைக் கருத்தரிப்புக்கும் சுருக்கப் பெயர் ஏ.ஆர்.டி.தான், 2021-ல் வந்த சட்டமே அந்தப் பெயரில்தான் இருக்கிறது. சும்மா ஏ.ஆர்.டி. சென்டர் என்று மட்டும் போட்டால் பளபளவென்று சிரிக்கும் குழந்தைப் படத்தோடு ஏதாவது தனியார் கிளினிக் வந்து நிற்கலாம். பக்கத்தில் எச்.ஐ.வி. என்று சேர்த்துத் தேடுங்கள், இல்லையென்றால் தேசிய எய்ட்ஸ் கட்டுப்பாட்டு அமைப்பான நாகோவின் 1097 உதவி எண்ணை இலவசமாகக் கூப்பிட்டுக் கேட்டுவிடுங்கள்.

ஹார்ட் என்பது 1996 வாக்கில் பிரபலமான பெயர். மூன்று மருந்தைச் சேர்த்துக் கொடுத்தால் வைரஸ் ரத்தப் பரிசோதனையிலேயே தெரியாத அளவுக்கு இறங்குகிறது என்று அப்போதுதான் ஊர்ஜிதமானது, அந்த உற்சாகத்தில் ஏ.ஆர்.டி.க்கு முன்னால் 'மிகத் தீவிர' (ஹைலி ஆக்டிவ்) என்று ஒரு பட்டத்தையும் சேர்த்து வைத்தார்கள். இப்போது வரும் கூட்டு மருந்துகள் எல்லாமே அந்த அளவுக்கு வீரியமானவை என்பதால் பட்டம் உதிர்ந்துபோய் ஏ.ஆர்.டி. மட்டும் மிஞ்சியது. தமிழ்க் காதில் விழும்போது அது இதய மாத்திரை. வீட்டில் மாமியாரிடம் ஹார்ட் மாத்திரை என்று சொல்லிச் சமாளிக்கிறவர்களுக்கு இது வசதியாகக்கூட இருக்கலாம், அதில் நான் தலையிட மாட்டேன். ஆனால் மயங்கி விழுந்து எமர்ஜென்ஸிக்குத் தூக்கிப்போகும்போது கூட வந்த மகன் டாக்டரிடமும் அதையே ஒப்பித்தால், டாக்டர் ஆஸ்பிரினையும் ரத்தக் கொழுப்பு மாத்திரையையும் மனதில் வைத்துக்கொண்டுதான் மேற்கொண்டு யோசிப்பார். எனக்கு இந்தப் பெயர் ஒழிந்தால் நிம்மதி.

கூட்டு மருந்து என்பது நல்ல தமிழ், விஷயத்தையும் சரியாகச் சொல்கிறது. இந்தியாவில் எச்.ஐ.வி. முதன்முதலாகக் கண்டறியப்பட்டது இதே சென்னையில், 1986-ல், டாக்டர் சுனிதி சாலமனும் அவருடைய மாணவி நிர்மலாவும் செய்த வேலை. அடுத்த வருடம்தான் அமெரிக்காவில் எச்.ஐ.வி.க்கான முதல் மருந்தான ஜிடோவுடினுக்கு அனுமதி கிடைத்தது. அது ஒன்றை மட்டும் கொடுத்தபோது கொஞ்ச நாளில் வைரஸ் தன்னை மாற்றிக்கொண்டு மருந்துக்குப் பழகிவிட்டது. ஒரே நேரத்தில் மூன்று மருந்துக்கும் பழகுவது அதற்குச் சுலபமில்லை, கூட்டின் கணக்கு இவ்வளவுதான். பெயரில் இருக்கும் ஒரே வில்லங்கம், தொழுநோய்க்குக் கொடுப்பதற்கும் தமிழில் இதே பெயர்தான் நெடுங்காலமாக இருக்கிறது. கூட்டு மருந்து என்று மட்டும் சொன்னால் எதன் கூட்டு என்ற கேள்வி அப்படியே நிற்கும்.

இப்போது என் கட்சிக்கு வருகிறேன். மேலே சொன்ன நாலு பெயரும் நீங்கள் என்ன விழுங்குகிறீர்கள் என்பதைச் சொல்வதில்லை. பாட்டில் மேல் இருக்கும் மூன்று மருந்தின் ஆங்கில முதலெழுத்துகள்தான் சொல்கின்றன. "ஏ.ஆர்.டி. சாப்பிடுறேண்ணா, கூட சளிக்கு ஒரு மாத்திரை குடுங்க" என்றால் என்னால் ஒன்றும் தீர்மானிக்க முடியாது. "டி.எல்.டி. சாப்பிடுறேன்" என்றால் அடுத்த கேள்விக்குப் போய்விடலாம்.

எழுத்துகளுக்குள் இருக்கும் வித்தியாசம் சாதாரணமானதில்லை. பழைய ஆட்கள் எஸ்.எல்.என். சாப்பிட்டவர்கள்: ஸ்டாவுடின், லாமிவுடின், நெவிரபின். 2001-ல் சிப்லா கம்பெனி ஒரு வருட மருந்தை 350 டாலருக்குத் தருகிறோம் என்று அறிவித்து உலகத்தைத் திரும்பிப் பார்க்க வைத்ததும் இந்தக் கூட்டுதான். எத்தனையோ உயிரைக் காப்பாற்றியது, கூடவே கன்னத்துக் கொழுப்பைக் கரைத்து முகத்தை ஒட்டிப்போக வைத்தது, பாதத்தில் எரிச்சலைக் கொடுத்தது. 2009-ல் உலக சுகாதார நிறுவனமே இதைப் படிப்படியாக நிறுத்தச் சொல்லிவிட்டது. இசட்.எல்.என். என்றால் ஸ்டாவுடினுக்குப் பதில் ஜிடோவுடின், காலையும் இரவும் போட வேண்டும், ரத்த சோகை வருகிறதா என்று பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும்.

அப்புறம் வந்தது டி.எல்.இ.: டெனோஃபோவிர் 300 மில்லிகிராம், லாமிவுடின் 300, எஃபவிரென்ஸ் 600. நாளுக்கு ஒரே மாத்திரை, அது பெரிய விடுதலை. ஆனால் எஃபவிரென்ஸ் மூளைப் பக்கம் கொஞ்சம் விளையாடும். தலை கிறுகிறுக்கும், சினிமா மாதிரி கனவு வரும், சிலருக்கு மனசு சோர்ந்துபோகும். அதனால் படுக்கப் போகும்போது போடு, வயிறு முட்டச் சாப்பிட்ட உடனே போடாதே என்பார்கள். எல்லாரும் ராத்திரி பத்து மணிக்குப் படுக்கிறவர்களாக இருந்தால் சரி. காசிமேட்டில் நடுராத்திரிக்கு மேல் போட்டில் ஏறுகிறவரும், ஹார்பர் கேட் வரிசையில் கன்டெய்னர் லாரியில் விடிய விடிய உட்கார்ந்திருக்கிற டிரைவரும் எப்போது படுப்பது, எப்போது போடுவது? போட்டுவிட்டுக் கடலுக்குப் போனால் தள்ளாட்டம், கரைக்கு வந்து போட்டுக்கொள்ளலாம் என்று விட்டால் பல நாள் விட்டே போய்விடும். அதுவும் இது மாத்திரை விட்டுப்போவதைப் பொறுக்காத மருந்து, வைரஸில் ஒரே ஒரு மாற்றம் போதும், எஃபவிரென்ஸ் வேலை செய்யாமல் போய்விடும்.

டி.எல்.டி.யில் முதல் இரண்டும் அதேதான், மூன்றாவது மட்டும் டோலுடெக்ராவிர் 50 மில்லிகிராம். செல்லின் டி.என்.ஏ.வுக்குள் வைரஸ் செருகிக்கொள்ளும் அந்தக் கட்டத்தையே அடைக்கிற மருந்து. காலையோ மாலையோ, சாப்பிட்டோ சாப்பிடாமலோ, தினமும் ஒரே நேரமாக இருந்தால் போதும். வைரல் லோடு வேகமாக இறங்கும், வைரஸும் லேசில் இதற்குப் பழகாது. நாகோவின் 2021 வழிகாட்டுதலில் பெரியவர்களுக்கு முதலில் தொடங்குவது இதுதான். டி.எல்.இ.யையும் டி.எல்.டி.யையும் எதிரெதிரே வைத்தால் பெரும்பாலோருக்கு டி.எல்.டி.தான் ஜெயிக்கும், எனக்கு அதில் சந்தேகமில்லை. சிலருக்குத் தூக்கம் கெடும், அவர்கள் காலை நேரத்துக்கு மாற்றிக்கொள்ளலாம். உடம்பு எடை ஏறுவது உண்மை, அதை டாக்டரிடம் சொல்லுங்கள், நீங்களாக நிறுத்தாதீர்கள்.

எழுத்து தெரிந்திருக்க வேண்டும் என்று நான் அடித்துச் சொல்வதற்குக் காரணமும் டி.எல்.டி.தான், ஏனென்றால் இது கவுன்ட்டரில் சர்வசாதாரணமாக விற்கும் சாமான்களோடு மோதுகிறது. இரும்புச்சத்து மாத்திரை, கால்சியம் மாத்திரை, நெஞ்செரிச்சலுக்குக் குடிக்கும் அலுமினியம், மெக்னீசியம் கலந்த சிரப், இவை வயிற்றுக்குள் டோலுடெக்ராவிரைப் பிடித்துக்கொண்டு ரத்தத்துக்குள் போகவிடாது. கர்ப்பிணிகளுக்கு இரும்பும் கால்சியமும் தினசரி கொடுக்கிற ஊர் இது. டி.எல்.டி.யை இவற்றுக்கு 2 மணி நேரம் முன்பாகப் போட வேண்டும், இல்லையென்றால் 6 மணி நேரம் கழித்து. இரும்பும் கால்சியமும் என்றால் சாப்பாட்டோடு சேர்த்து ஒன்றாகப் போட்டாலும் பரவாயில்லை, சிரப்புக்கு அந்தச் சலுகை கிடையாது. பேன்டோபிரசோல் மாதிரி கேஸ் மாத்திரையால் தொந்தரவில்லை. சுகர்காரர்களுக்கு இன்னொன்று, டோலுடெக்ராவிர் ரத்தத்தில் மெட்ஃபார்மின் அளவை ஏற்றிவிடும், அதனால் மெட்ஃபார்மின் நாளுக்கு 1000 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது என்பார்கள். சுகர் டாக்டருக்கு நீங்கள் டி.எல்.டி. என்று சொன்னால்தானே அவர் குறைப்பார்.

டி.பி. வந்தால் மட்டும் கணக்கு திரும்புகிறது. ரிஃபாம்பிசின், அதுதான் சிறுநீரை ஆரஞ்சாக்குமே அந்த மருந்து, டோலுடெக்ராவிரைச் சீக்கிரம் உடைத்து வெளியேற்றிவிடும். எனவே டி.எல்.டி. போட்ட 12 மணி நேரத்துக்குப் பிறகு தனியாக இன்னொரு டோலுடெக்ராவிர் 50 சேர்த்துக் கொடுப்பார்கள். எஃபவிரென்ஸ்காரர்களுக்கு அந்தக் கூடுதல் வேலை இல்லை, இந்த ஒரு இடத்தில் டி.எல்.இ. முந்துகிறது. குச்சு வீடுகள் நெருக்கியடித்த தெருக்களில் டி.பி. எப்படிப் பரவும் என்று நம் பக்கத்தில் யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை.

இரண்டுக்கும் பொதுவானது டெனோஃபோவிர், அது சிலருக்குச் சிறுநீரகத்தைப் பதம் பார்க்கும். மூட்டை தூக்கிவிட்டு வந்து "அண்ணே, ஒடம்பெல்லாம் வலி, ரெண்டு மாத்திரை குடு" என்று தினமும் டைக்ளோஃபெனாக் வாங்குகிறவர் டெனோஃபோவிரும் சாப்பிடுகிறார் என்றால் சிறுநீரகத்துக்கு இரட்டை அடி. இன்னொரு பக்கம், டோலுடெக்ராவிர் சிறுநீரகத்தைக் கெடுக்காமலேயே ரத்தப் பரிசோதனையில் சிறுநீரகத்தின் நிலையைக் காட்டும் கிரியாட்டினினைக் கொஞ்சம் ஏற்றிக் காட்டும். எது நிஜமான சேதம், எது வெறும் எண் என்று பிரித்துப் பார்க்க டாக்டருக்கு அந்த மூன்று எழுத்து வேண்டும்.

எழுத்தைச் சொன்னால் நோய் தெரிந்துவிடாதா என்று தயங்குகிறவர்களுக்கு இரண்டு விஷயம். டெனோஃபோவிர் தனி மாத்திரை மஞ்சள்காமாலை பி வகைக்கும் உண்டு, கல்லீரல் சிகிச்சைக்குப் பேர்போன ஸ்டான்லியைச் சுற்றி அதை வாங்க வருகிறவர்கள் ஏராளம். டி.எல்.டி.யே கூட, ஊசி குத்திக்கொண்ட நர்ஸுக்கோ தூய்மைப் பணியாளருக்கோ 72 மணி நேரத்துக்குள் தொடங்கி 28 நாள் கொடுக்கிற தடுப்பு மருந்தும்தான், அதற்கு பெப் என்று பெயர். முன்கூட்டியே போட்டுக்கொள்ளும் ப்ரெப் வேறு, அதில் பொதுவாக டெனோஃபோவிரும் எம்ட்ரிசிடபினும் இரண்டு மட்டும் இருக்கும், எச்.ஐ.வி. உள்ளவருக்கு அது சிகிச்சையாகாது. ஆகவே பாட்டிலைப் பார்த்துவிட்டு ஆளை முத்திரை குத்துகிறவர்கள் கொஞ்சம் அடங்கலாம். 2018 செப்டம்பர் 10 முதல் நடைமுறையில் இருக்கும் எச்.ஐ.வி. சட்டப்படி, அதிலேயே சொல்லியிருக்கும் சில விதிவிலக்குகள் தவிர, உங்களுக்கு எச்.ஐ.வி. இருப்பதை உங்கள் சம்மதமில்லாமல் வெளியே சொல்லவோ, அதைக் காட்டி வைத்தியம் மறுக்கவோ யாருக்கும் உரிமை கிடையாது.

யாரிடம் எதைச் சொல்வது என்பது இதற்கு மேல் சுலபம். வழி கேட்க ஏ.ஆர்.டி. சென்டர். வீட்டில் உங்கள் இஷ்டம். டாக்டரிடமும் மருந்துக் கடையிலும் பாட்டிலில் உள்ள பெயர். மனப்பாடம் ஆகவில்லையென்றால் லேபிளை போனில் ஒரு போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். மையத்தில் மருந்து மாற்றிக் கொடுத்த அன்றைக்கே பழைய போட்டோவை அழித்துவிட்டுப் புதிதாக எடுங்கள், வீட்டில் மிச்சம் இருக்கும் பழைய பாட்டில் மாத்திரையை என்ன செய்வது என்றும் அங்கேயே கேட்டுவிடுங்கள், இரண்டையும் சேர்த்துப் போட்டுவிட வேண்டாம்.