ஆடு மாடு கோழிக் கதை: புத்தகமா, போனா, அம்மாச்சியா, தொழுவா?

‘புலி வருது’ கதையைச் சொல்லி முடித்துவிட்டு, "அதனால பொய் சொல்லக் கூடாது, என்ன?" என்று விளக்கை அணைக்கப் போனேன். மகன் எழுந்து உட்கார்ந்துகொண்டான். நாலு வயது.

"பொய் சொன்னது அந்தப் பையன். ஆட்டை எதுக்குப் புலி திங்கணும்?"

என்னிடம் பதில் இல்லை. ஈசாப் பேரில் வழங்கும் அந்தக் கதையில் வந்தது ஓநாய். தமிழுக்கு வந்தபோது புலியாகிவிட்டது. விலங்கு மாறினாலும் வழக்கு மாறவில்லை. தப்புச் செய்தது ஒருத்தன், தண்டனை ஆட்டுக்கு. இத்தனை வருஷம் எனக்கே தோன்றாத கேள்வி.

எங்களுக்கு மதுரை கூடல்நகரில் வீடு. அம்மா வீடு சோழவந்தான் பக்கம் ஒரு கிராமம்; ரெண்டு மாடு, ஏழெட்டு வெள்ளாடு, எண்ணிக்கை தெரியாத கோழிகள். இந்தக் கோடை லீவில் மகனும் ஒன்பது வயது மகளும் ஒரு மாதம் அங்கே இருந்தார்கள். நான் வாசித்த புத்தகம், போனில் பார்த்த காணொளி, அம்மா சொன்ன கதை, தொழுவில் நேரே பார்த்தது என்று நாலு வழியாகவும் ஆடு மாடு கோழிக் கதைகள் அவர்களுக்குக் கிடைத்தன. எது தேறியது என்று பார்க்க நான் வைத்த அளவுகோல் ஒன்றுதான். மறுநாள் பிள்ளை தானாகத் திருப்பிச் சொல்கிறதா? நாம் கேட்டுச் சொல்லவைத்தால் கணக்கில் சேராது.

முதலில் புத்தகம். தமுக்கத்தில் நடக்கும் புத்தகத் திருவிழாவில் ஆசைஆசையாக அள்ளிக்கொண்டு வந்தவை. பெரும்பாலானவற்றில் பக்கத்தின் அடியில் கட்டம் கட்டி ‘நீதி’ போட்டிருக்கிறது. என் மகள் என்ன செய்கிறாள் தெரியுமா? முதலில் கட்டத்தைப் படிக்கிறாள், பிறகு பக்கத்தைத் தள்ளிவிடுகிறாள். "என்னன்னு தெரிஞ்சிருச்சும்மா." கேள்வித்தாளோடு விடையையும் சேர்த்துக் கொடுத்தால் எந்தப் பிள்ளை கணக்குப் போடும்?

பஞ்சதந்திரத்தைப் பிள்ளைகள் புத்தகம் என்று வாங்குகிறோம். அது மந்தபுத்திக்காரர்களான மூன்று ராஜகுமாரர்களுக்கு விஷ்ணுசர்மா அரசியல் சொல்லிக்கொடுத்ததாக வரும் நூல். நண்பனை எப்படிப் பிரிப்பது, எதிரியை எப்படிக் கவிழ்ப்பது என்று அதன் பாடம் போகும். தொழுவிலிருந்து அதில் முக்கியமான வேஷம் கிடைத்தது சஞ்சீவகன் என்ற வண்டிமாட்டுக்கு. கால் ஒடிந்ததும் வியாபாரி காட்டில் விட்டுவிட்டுப் போகிறான். மாடு தேறி, சிங்கத்துக்கே சிநேகிதனாகிறது. தமனகன் என்ற நரி கோள்மூட்டி, கடைசியில் அதே சிங்கத்தின் கையால் அதைச் சாகவைக்கிறது. இதைப் படுக்கையில் வாசித்த ராத்திரி மகள் நரியைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. "அந்த வண்டிக்காரர் ஏம்மா திரும்பி வந்து பாக்கல?" என்று மட்டும் கேட்டாள். நயவஞ்சகர் பேச்சைக் கேட்காதே என்று கட்டத்தில் போட்டிருந்தது. அவள் மனசில் நின்றது வேறு.

ஆனால் அதே நூலில்தான் ஆட்டைத் தோளில் தூக்கிக்கொண்டு போகிற பிராமணர் கதையும் இருக்கிறது. மூன்று திருடர்கள் தனித்தனியாக வழியில் நின்று, "என்ன சாமி, நாயைத் தூக்கிட்டுப் போறீங்க?" என்று கேட்டே ஆட்டைப் பறித்துக்கொள்கிறார்கள். மறுநாள் காலையிலேயே தலையணை ஆடாகிவிட்டது. மகன் தூக்கிக்கொண்டு நடக்க, மகள் கதவுக்குக் கதவு ஒளிந்து நின்று நாய், நாய் என்றாள். மூன்று பேர் சொன்னால் உண்மையாகிவிடாது என்பது வாட்ஸ்அப் காலத்துக்கு என்னமாய்ப் பொருந்துகிறது! அதில் ஆடு எந்தத் தப்பும் செய்யவில்லை, எந்த வசனமும் பேசவில்லை என்பதைப் பிறகுதான் கவனித்தேன். ஏமாந்தது மனுஷன், சிரிப்பும் அவன்மேல்தான்.

போன் காணொளியை ஊரே திட்டியாயிற்று. நானும் சேர்ந்து திட்டப்போவதில்லை. இட்லி ஊற்றுகிற இருபது நிமிஷத்துக்கு அதைவிட நல்ல துணை எனக்கு வேறு இல்லை. பாட்டும் ஒட்டிக்கொள்கிறது. என் குறை, அது எந்த ஊர்த் தொழு என்பதுதான். சிவப்புச் சாயமடித்த மரக்கொட்டகை, வெள்ளை வேலி, கருப்பு வெள்ளைத் திட்டுப்போட்ட மாடு, ரோஸ் நிறப் பன்றி. அம்மா வீட்டு வாசலில் இறங்கியதும் மகன் கேட்டது: "மாட்டுக்கு இன்னும் பெயிண்ட் அடிக்கலையா?" அம்மா வீட்டில் நிற்பது சாம்பல் நிறப் புலிக்குளம் மாடு. பன்றி என்றால் எங்களுக்குக் கருப்பு. வாடிப்பட்டிப் பக்கம் கச்சைக்கட்டிக் கருப்பு என்றே ஒரு செம்மறி இனம் உண்டு. கூட்டத்தில் துரோகியைக் ‘கருப்பு ஆடு’ என்பார்கள். அங்கே மந்தையே கருப்பு, யாரைப் போய்ச் சந்தேகப்படுவது?

அந்தக் காணொளிகளில் சிரிப்புக்கும் பஞ்சமில்லை. பசு வாழைப்பழத் தோலில் வழுக்கி விழும், சேவல் கண்ணாடி போட்டுக்கொள்ளும். பசுவை எடுத்துவிட்டு அங்கே ஒரு மாமாவை வைத்தாலும் அதே சிரிப்புதான் வரும். பாட்டை நூறு தடவை பாடினார்கள். ஒரு கதையைக்கூடத் திருப்பிச் சொல்லவில்லை.

அடுத்து அம்மா. பிள்ளைகளுக்கு அம்மாச்சி. கதைக்கென்று அவள் நேரம் ஒதுக்குவதில்லை. பூண்டு உரிக்கும்போது, மாட்டுக்குத் தண்ணி காட்டும்போது, கரண்டு போனால் விசிறிக்கொண்டே, "அன்னைக்கு உங்க தாத்தா என்ன செஞ்சாருன்னா" என்று ஆரம்பிப்பாள். ராஜா கிடையாது, ‘ஒரு ஊர்ல’ கிடையாது.

இந்த லீவில் மிக அதிகமாக ஓடியது கரிச்சி கதை. அறுவடை முடிந்த வயலில் வாத்து மேய்க்க வந்தவர்களிடம் அப்பா ஆறு முட்டை வாங்கி வந்தார். வீட்டில் கரிச்சி என்ற கருப்புக் கோழி அடையில் இருந்தது. கூடையில் மணலைப் பரப்பி, முட்டையை அடுக்கி, ஓரமாக ஒரு கரித்துண்டும் ஒரு இரும்பு ஆணியும் வைத்தாகிவிட்டது. இடி இடித்தால் முட்டை கூமுட்டையாகிவிடும், ஆணி காப்பாற்றும் என்று எங்கள் பக்கம் ஒரு நம்பிக்கை. கதையில் ஆணியை விட்டுவிட்டால் மகன் விடமாட்டான். "ஆணி வச்சீங்களா அம்மாச்சி?"

கோழி முட்டை பொரிக்க 21 நாள். வாத்து முட்டைக்கு 28. இருபத்தொண்ணாம் நாள் சத்தமே இல்லை. தெருவே கூடி, "கூமுட்டை, தூக்கிப் போடுங்க" என்றது. அப்பா காலண்டரில் பென்சிலால் கோடு போட்டுக்கொண்டே இருந்தாராம். "அவருக்கு எண்ணத் தெரியும், அதனால சந்தேகம். கோழிக்கு எண்ணத் தெரியாது, அதுபாட்டுக்கு உக்காந்திருந்துச்சு." இந்த இடத்தில் அம்மா ஒரு பல் பூண்டு உரிக்கும் நேரம் பேசாமல் இருப்பாள்.

பொரித்தது அஞ்சு. பத்து நாள் கழித்து கரிச்சி அஞ்சையும் கூட்டிக்கொண்டு வாய்க்கால் பக்கம் மேயப் போனது. தண்ணீரைப் பார்த்ததும் குஞ்சுகள் தொபுக், தொபுக் என்று இறங்கிவிட்டன. கோழி கரையில் அங்கிட்டும் இங்கிட்டும் ஓடி, றெக்கையை விரித்துக்கொண்டு கத்துகிறது. முந்தானையை ரெண்டு கையிலும் பிடித்துக்கொண்டு அம்மா தொழு வாசலில் அந்த ஓட்டத்தை ஓடிக் காட்டுவாள், அறுபத்தேழு வயதில். குஞ்சு முங்கிப்போச்சு என்று நினைத்து அப்பா ஒரே தாவாகத் தாவினார். தண்ணி கெண்டைக்கால் அளவுதான். சகதி மட்டும் இடுப்புவரை. வேட்டி தண்ணியோடு போக, குஞ்சுகள் அதன் பின்னாலேயே நீந்திப் போயின. வயலில் களையெடுத்துக்கொண்டிருந்த பெண்கள் நிமிர்ந்து பார்த்தார்கள்.

"வாத்துக்குஞ்சு அஞ்சும் கரையேறிருச்சு. உங்க தாத்தாதான் ஏற முடியாம நின்னாரு."

அவ்வளவுதான் கதை. அடுத்த நாள் பால் ஊற்ற வந்தவரைப் பிடித்துவைத்து மகன் முழுசாகச் சொன்னான்; தாத்தாவுக்கு வேட்டிக்குப் பதில் பேன்ட் போட்டிருந்தான், ஆணியை மறக்கவில்லை. மகள் ஒன்றும் சொல்லவில்லை. ஊருக்குத் திரும்பி மூணு வாரம் கழித்து, தெருவில் சைக்கிள் ஓட்டும்போது நான் வாசலில் நின்று "பாத்துடி, வண்டி வருது, ஓரமாப் போ" என்று கத்தினேன். ஒரு காலை ஊன்றி நிறுத்தி, "என்னம்மா, கரிச்சி கரையில ஓடுதா?" என்று கேட்டுவிட்டுப் போய்விட்டாள். அந்தக் கதைக்குள் நானும் இருந்தது எனக்கு அதுவரை தெரியாது.

புத்தக ஆட்டையும் அம்மா ஆட்டையும் பக்கத்தில் வைத்தால் வித்தியாசம் இன்னும் தெளிவாகத் தெரியும். என்னிடம் இருக்கும் ஒரு தொகுப்பில் பேராசை பிடித்த ஆடு அடுத்தவர் தோட்டத்தில் மேயப் போய் அடி வாங்குகிறது. நீதி, பேராசை கூடாது. அம்மாவின் வெள்ளச்சி என் சித்தி கல்யாணப் பத்திரிகைக் கட்டைத் தின்றது. மேல்வரிசையில் முன்பல் இல்லாத வாய், கீழ்ப்பல்லால் பிடித்து இழுத்துக் கிழிக்கும். உதட்டைத் தூக்கிக் காட்டியே அம்மா கதையைச் சொன்னாள். ஒவ்வொரு பத்திரிகையிலும் மிச்சமிருந்தது பெண்வீட்டுப் பேர்கள்தான். மாமன்மார் பேரெல்லாம் ஆட்டு வயிற்றில். பத்திரிகையில் பேர் விட்டுப்போனால் மதுரைப் பக்கம் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை. அப்பா வீடுவீடாகப் போய், "மச்சான், உங்க பேரை ஆடு தின்னுருச்சு" என்று சொல்லிவிட்டு வந்தாராம். "திண்ணையில வச்சிட்டுப் போனவருக்கு அறிவு எங்க போச்சு? அது ஆடு, திங்கத்தான் செய்யும்" என்பாள் அம்மா. ஆட்டை ஆடாக இருந்ததற்கு அவள் தண்டிப்பதே இல்லை.

அம்மாவிடம் எல்லாம் சரி என்று இல்லை. வாயில் கெட்ட வார்த்தை சரளமாக வரும். மகள் எதிர்த்துப் பேசிய ஒரு நாள், "பெட்டைக்கோழி கூவியா பொழுது விடியும்?" என்றாள். சேவல் இல்லாத இடத்தில் சிலசமயம் பெட்டைக்கோழியும் கூவும். பொழுதும் விடியத்தான் செய்யும். நான் சொல்ல வாயெடுப்பதற்குள் மகளே, "சேவல் கூவாட்டியும் விடியும் அம்மாச்சி" என்றுவிட்டாள். அம்மா சிரித்தாள்; ஆனால் பழமொழியைத் திரும்பப் பெறவில்லை.

கடைசியாகத் தொழு. கதையே வேண்டாம், பிள்ளையைக் கொண்டுபோய் ஆடு மாட்டிடம் விட்டுவிடுங்கள், தானாகக் கற்றுக்கொள்ளும் என்று சொல்கிறவர்கள் உண்டு. பாதி சரி. பக்கத்து வீட்டு எருமை கண்மாயில் நாளெல்லாம் கிடப்பதைப் பார்த்து "சோம்பேறி எருமை" என்றான் மகன்; அது என்னிடம் கேட்டுப் பழகிய வசவு. கருந்தோல் வெயிலை இழுக்கும், வியர்வைச் சுரப்பியும் பசுவைவிடக் குறைவு, சகதியில் கிடந்தால்தான் அதற்கு உடம்பு ஆறும் என்று சொன்னபிறகு வீட்டில் நான் அந்த வசவை விடவேண்டி வந்தது. ஆனால் தொழுவில் கதை நமக்காகக் காத்திருக்காது, நாம்தான் காத்திருக்க வேண்டும். மூணு நாள் ஒன்றுமே நடக்காது. மகன் சாணியில் வழுக்கியதுதான் அந்த வாரத்தின் நிகழ்ச்சி.

அப்புறம், புத்தகமும் போனும் தொடாத ஒரு விஷயம் தொழுவில் இருக்கிறது. அம்மா கோழிக்குப் பேர் வைப்பாள், மாட்டுக்குப் பேர் வைப்பாள், பொட்டக்குட்டிக்கும் வைப்பாள். ஒரு கிடாவுக்கு மட்டும் பேர் இல்லை. மகள்தான் கண்டுபிடித்தாள். "அதுக்கு ஏன் அம்மாச்சி பேர் வைக்கல?" கருப்பசாமிக்கு நேர்ந்துவிட்டது அது. அம்மா கருவேல நெத்தை அதற்குப் போட்டுக்கொண்டே, "வச்சா கூப்பிடத் தோணும்ல ஆத்தா" என்றாள். கோயிலில் கிடாவெட்டு முடிந்து பந்தியில் உட்கார்ந்தபோது மகள் வெறும் சோறும் ரசமும் சாப்பிட்டாள். யாரும் எதுவும் சொல்லவில்லை. மகன் ரெண்டாம் தடவை கேட்டு வாங்கினான். அந்தக் கிடாவை வைத்து அம்மா இதுவரை எந்த வேடிக்கைக் கதையும் சொன்னதில்லை.

என் கணக்குப்படி இப்படித்தான் வருகிறது. அஞ்சு வயதுக்குக் கீழே என்றால் வீட்டில் நிஜமாக நடந்த கதை, அதுவும் பெரியவர் யாராவது அசடு வழிந்த கதை. ஊரில் ஆடு மாடு இல்லாவிட்டால் தெருநாய், மொட்டைமாடிக் காக்கா போதும். எட்டு வயதுக்கு மேல் புத்தகம் எடுபடும், நீதிக் கட்டத்தை மறைத்துவிட்டு வாசித்தால். எங்கள் வீட்டில் அதன்மேல் ஸ்டிக்கர் ஒட்டியிருக்கிறோம். வாங்குவதற்கு முன் நத்தம் சாலையில் 2023 ஜூலையில் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகத்துச் சிறுவர் பகுதியில் உட்காரவைத்துப் பாருங்கள். பிள்ளை மூடிவைக்காத புத்தகத்தை வாங்கலாம். தொழுவுக்குக் கூட்டிப்போவதாக இருந்தால் ஒருநாள் சுற்றுலாவாக வேண்டாம், ஒரு வாரமாவது தங்கவிடுங்கள்.

போன் இட்லி நேரத்துக்கு. சனிக்கிழமை சாயங்காலம் மட்டும் அதற்கு இன்னொரு வேலை. வீடியோ காலில் கதை சொல்லச் சொன்னபோது அம்மாவுக்கு வரவில்லை. "கையில வேலையில்லாம என்னத்தச் சொல்றது?" என்று போனைக் குளுதாடி என்கிற மாட்டுத்தொட்டிமேல் சாத்திவைத்துவிட்டு மாட்டுக்குத் தவிடு கலக்க ஆரம்பித்தாள். எங்களுக்குத் தெரிந்தது மாட்டின் ஈர மூக்கு மட்டும்தான். அதற்குப் பின்னாலிருந்து, "அன்னைக்கு உங்க தாத்தா" என்று குரல் வந்தது. மகன் திரையை நெருங்கி உட்கார்ந்து மூக்கிடம் கேட்டான்: "ஆணி வச்சீங்களா?"