ஷ்வேடகோனா, பாகனா? சொந்தக்காரர்களை எங்கே கூட்டிப் போகலாம்

ஊரிலிருந்து வருகிறவர்களுக்கு நாலைந்து நாள்தான் லீவு. பர்மாவின் பழைய தலைநகரான பாகனுக்குப் போவதா, இங்கே ரங்கூனிலேயே ஷ்வேடகோன் என்ற தங்க புத்த ஸ்தூபியை நிதானமாகப் பார்ப்பதா என்று வீட்டில் பேச்சு எழும். சிவகங்கையிலிருந்து சித்தப்பாவும் சித்தியும் வந்தபோது ஷ்வேடகோன் போதும் என்று நான்தான் முடிவு செய்தேன். இன்றும் என் ஓட்டு அதற்கே.

அழகில் ஒன்றுக்கொன்று சளைத்ததில்லை. அலைச்சலைப் பார்த்தால், பாகனுக்கு ராத்திரி முழுக்க பஸ். ஷ்வேடகோனில் முட்டிவலிக்காரர்களுக்கு லிஃப்டே இருக்கிறது.

எனக்கு முக்கியமாகப் படுவது பராமரிப்பு. 1768 நிலநடுக்கத்தில் ஷ்வேடகோனின் உச்சி சரிந்தது. ஷின்பியூஷின் மன்னர் அதை இன்றைய 99 மீட்டர் உயரத்துக்கு எழுப்பினார். இப்போதும் சில வருஷத்துக்கு ஒருமுறை மூங்கில் சாரம் கட்டி, பாய் மூடி, புதுசாகத் தங்கம் ஒட்டுகிறார்கள். நம்மூர் கும்பாபிஷேகத் திருப்பணி மாதிரிதான். 15ஆம் நூற்றாண்டில் ஷின்சாபு ராணி தன் எடைக்கு எடை பொன் கொடுத்தார். இன்று சாதாரண ஜனங்கள் தங்க ரேக்கு வாங்கிக் கொடுக்கிறார்கள். பறவை வடிவப் படகு ஒன்று அந்தக் காணிக்கையைச் சுமந்துகொண்டு கம்பியில் மேலே ஏறும். சித்தி அதை அண்ணாந்து பார்த்தபடி நின்றுவிட்டார். பிறந்த கிழமைக்கு ஒரு மூலையும் ஒரு பிராணியும் அங்கே உண்டு. அப்புறம் தான் பிறந்த சனிக்கிழமைக்குரிய மூலையைத் தேடிப் போய், அங்கே நாகத்தின் சிலையைக் கண்டதும் கன்னத்தில் போட்டுக்கொண்டு புத்தருக்குக் கிண்ணம் கிண்ணமாகத் தண்ணீர் ஊற்றினார்.

பாகனில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட கோயில்கள் நிற்கின்றன. ஆனந்தா போன்ற சிலவற்றில்தான் தினசரி ஜனநடமாட்டம். மற்றவை பெரும்பாலும் தொல்லியல் துறையை நம்பியிருக்கின்றன. 2016 ஆகஸ்ட் நிலநடுக்கத்தில் ஏறக்குறைய 400 கட்டடங்கள் சேதமடைந்தன. 1990களில் புதுச் செங்கல் வைத்து அவசரமாக எழுப்பியவற்றை அறிஞர்கள் பலர் குறை சொன்னார்கள். எனக்கும் அந்தப் பளிச்சென்ற உச்சிகள் கண்ணை உறுத்தின.

ஆனாலும் கல்வெட்டுப் பித்து உள்ளவர்களை நான் தடுக்கமாட்டேன். மலைமண்டலத்து (இன்றைய கேரளம்) மகோதயர்பட்டணத்துக் குலசேகர நம்பி என்பவர், பாகனிலிருந்த நானாதேசி விண்ணகர் என்ற விஷ்ணு கோயிலுக்கு மண்டபமும் கதவும் விளக்கும் கொடுத்ததை 13ஆம் நூற்றாண்டுத் தமிழ்க் கல்வெட்டு சொல்கிறது. நத்லாங் சாவ்ங் என்ற விஷ்ணு கோயிலும் இன்னும் நிற்கிறது. நம்மவர் நடமாடிய மண் அது.

நான் பாகனைப் பார்த்தது குளிர்காலத்தில் மட்டும்தான்; சித்திரை வெயிலை வயசானவர்கள் தாங்குவார்களா என்று உறுதியாகச் சொல்லமாட்டேன். ஷ்வேடகோனிலும் நடுப்பகலில் பளிங்குத்தரை வெறுங்காலைச் சுடும். நாலரை மணிக்குமேல் கூட்டிப் போங்கள், விளக்கு போடும்வரை இருக்கலாம்.