பீன்யா ஷெட்டில் கரண்ட் பில்லைப் பிரிப்பது எப்படி: நேம் பிளேட், டாங் டெஸ்டர், மீட்டர்

பெங்களூரு பீன்யாவில் ஒரே ஷெட்டை இரண்டு பேர் பிரித்துக்கொண்டு தொழில் நடத்துவது சாதாரணம். முன்பக்கம் லேத், பின்பக்கம் பேக்கிங். த்ரீ ஃபேஸ் மீட்டர் ஒன்றுதான். பில் வந்ததும் யார் பங்கு எவ்வளவு என்ற பேச்சு ஆரம்பித்துவிடும். அதைக் கணக்கிட நம்மவர்கள் கையாளும் வழிகள் மூன்று.

முதலாவது, மோட்டார் நேம் பிளேட். 5 ஹெச்பி என்றால் 3.73 கிலோவாட். ஆனால் அது ஷாஃப்டில் கிடைக்கும் சக்தி. எஃபிஷியன்சி 85 சதவீதம் என்று வைத்தால், லைனிலிருந்து இழுப்பது சுமார் 4.4 கிலோவாட். 8 மணி நேரத்துக்கு 35 யூனிட். ஆனால் எந்த லேத் நாள் முழுக்க ஃபுல் லோடில் ஓடுகிறது? ஜாப் மாட்டும்போதும் அளவு பார்க்கும்போதும் சும்மாதான் சுற்றும். கேபிள் சைஸ் பார்க்க, எம்சிபி வாங்க இந்தக் கணக்கு போதும். காசு பிரிக்க ஆகாது.

இரண்டாவது டாங் டெஸ்டர், அதாவது வயரைக் கவ்விப் பிடித்து ஆம்பியர் காட்டும் கருவி. எல்லோருக்கும் பிடித்தது இதுதான், அதிகம் ஏமாற்றுவதும் இதுதான். சூத்திரம் தெரிந்ததே: 1.732 × வோல்ட் × ஆம்பியர் × பவர் ஃபேக்டர் (இழுக்கும் கரண்டில் உண்மையில் வேலைக்குப் போகும் பங்கு). அதே 5 ஹெச்பி மோட்டார் ஃபுல் லோடில் 415 வோல்ட்டில் 7.2 ஆம்பியர் எடுத்து, பவர் ஃபேக்டர் 0.85 இருந்தால் 4.4 கிலோவாட் வரும். நேம் பிளேட் கணக்கோடு ஒத்துப்போகிறது.

இப்போது லோடை எடுத்துவிடுங்கள். ஆம்பியர் பூஜ்ஜியத்துக்குப் பக்கத்தில் போகாது. 3 ஆம்பியரில் நிற்கும். பழக்கதோஷத்தில் அதே 0.85-ஐப் போட்டால் 1.83 கிலோவாட். ஆனால் லோடு இல்லாத மோட்டாரின் பவர் ஃபேக்டர் 0.2 அளவுக்கு விழுந்திருக்கும். உண்மையில் இழுப்பது 0.43 கிலோவாட்தான். நாலு மடங்குக்கு மேல் வித்தியாசம்! அந்த 3 ஆம்பியரில் பெரும்பகுதி மோட்டாருக்குள் காந்தப்புலத்தை உண்டாக்கப் போய், லைனுக்கே திரும்பிவிடுகிறது. மீட்டர் அதை யூனிட்டாக எண்ணுவதில்லை.

கெபாசிட்டர் மாட்டிவிட்டு "அண்ணா, ஆம்பியர் பாதியாயிடுச்சு பாருங்க, பில்லும் பாதிதான்" என்று சொல்பவர்களின் வித்தையும் இதுதான். லைன் ஆம்பியர் குறைவது நிஜம். மோட்டார் தின்னும் யூனிட் கிட்டத்தட்ட அப்படியே இருக்கும். பவர் ஃபேக்டருக்கு அபராதம் போடும் கனெக்‌ஷனாக இருந்தால் அந்த அபராதம் மிச்சம், அவ்வளவுதான்.

இன்னொன்று: அந்த 1.732 மூன்று ஃபேஸும் சமமாக இருந்தால்தான் செல்லும். மூன்றில் ஒன்றான ஆர் ஃபேஸில் மட்டும் லைட், ஃபேன் எல்லாம் தொங்கினால், ஒவ்வொரு ஃபேஸுக்கும் தனித்தனியாக 240 × ஆம்பியர் × பவர் ஃபேக்டர் போட்டுக் கூட்ட வேண்டும். விஎஃப்டி (மோட்டார் வேகத்தை மாற்றும் டிரைவ்) இருந்தால் கரண்டின் அலைவடிவமே நெளிந்திருக்கும். ட்ரூ ஆர்எம்எஸ் (நெளிந்த அலையையும் சரியாக அளக்கும் வசதி) இல்லாத மலிவு டெஸ்டர் அங்கே குறைத்துக் காட்டும்.

மூன்றாவது மீட்டர். என் ஓட்டு இதற்குத்தான். மீட்டர் முகப்பில் ஒரு யூனிட்டுக்கு எத்தனை பல்ஸ் என்று அச்சடித்திருக்கும். 800 என்று வைத்துக்கொள்வோம். மதியச் சாப்பாட்டு நேரத்தில் மற்ற எல்லாவற்றையும் அணைத்துவிட்டு லேத்தை மட்டும் ஓட்டுங்கள். சிவப்பு லைட் 30 செகண்டில் 10 முறை மினுக்கினால், 3600 × 10 ÷ (800 × 30) = 1.5 கிலோவாட். பவர் ஃபேக்டர், ஃபேஸ் ஏற்றத்தாழ்வு எதையும் நாம் ஊகிக்க வேண்டியதில்லை, மீட்டரே பார்த்துக்கொள்கிறது.

இது அந்த நேரத்து லோடை மட்டும் சொல்லும். மாதக் கணக்குக்கு ஆளுக்கொரு சப் மீட்டர்தான் சரி. நியூட்ரலும் சேர்த்து நாலு வயர் ஓடும் ஷெட்டுக்கு மூன்று ஃபேஸையும் தனித்தனியாக அளக்கும் மீட்டர் வேண்டும். சிடி (பெரிய கரண்டைச் சிறிதாக்கி மீட்டருக்குக் கொடுக்கும் கரண்ட் டிரான்ஸ்ஃபார்மர்) வைத்த மீட்டர் என்றால், 100/5 சிடிக்கு ரீடிங்கை 20-ஆல் பெருக்க வேண்டும்; மீட்டரிலேயே அந்த விகிதத்தை செட் செய்திருந்தால் வேண்டாம். மாட்டிய அன்றைக்கே ஃபுல் லோடு கொடுத்து டாங் டெஸ்டர் கணக்கோடு ஒப்பிட்டுப் பாருங்கள். மீட்டர் மூன்றில் ஒரு பங்குதான் காட்டுகிறது என்றால், ஒரு சிடியைத் திருப்பி மாட்டியிருக்கிறார்கள்: இரண்டு ஃபேஸைக் கூட்டி ஒன்றைக் கழித்துக்கொண்டிருக்கிறது. சப்ளையை ஆஃப் செய்துவிட்டு மாற்றச் சொல்லுங்கள். லோடு ஓடும்போது சிடி வயரைக் கழற்றினால் ஆபத்து.