லைன் வீட்டுல ஷூட்டிங்: போனா, கேமராவா?
நீலகிரி கூடலூர் பக்கம் தேயிலைத் தோட்டத்து லைன் வீடுங்கள்ல (தொழிலாளிங்க இருக்குற வரிசை வீடு) டாக்குமெண்டரி எடுக்கப் போற தம்பிங்க, போன்ல எடுக்கலாமா கேமராவுலயான்னு கேட்டாங்க. 1964ல இந்தியாவும் இலங்கையும் போட்ட சாஸ்திரி–சிறிமாவோ ஒப்பந்தத்துல இலங்கையிலருந்து வந்த தமிழ்த் தோட்டத் தொழிலாளி குடும்பங்க, இப்ப பேரப்புள்ளைங்க திருப்பூர் பனியன் கம்பெனிக்கு இறங்குறாங்க, அந்தக் கதை.

செலவு: போன் கையிலயே இருக்கு. கேமரா, லென்ஸ் வாடகை தினமும் ஏறும்.

வெளிச்சம்: வீட்டுக்குள்ள ஒரே பல்புன்னா போன்ல புள்ளி புள்ளியா வரும், கேமரா தாங்கும்.

மனுஷங்க: எனக்கு இதுதான் முக்கியம். பெரிய கேமராவைப் பாத்ததும் பாட்டி சேலைய சரி பண்ணிட்டு பேச்ச நிறுத்திருவாங்க, போன்னா கொழுந்து கிள்ளிக்கிட்டே இலங்கையிலருந்து வந்து ராமேஸ்வரம் பக்கத்து மண்டபம் கேம்ப்ல இறங்குன கதைய முழுசா சொல்லுவாங்க.

பாட்டி பேச்சுக்கும் திருப்பூர் பஸ்சுக்கும் போன், ராத்திரி வீட்டுக்காட்சிக்கு கேமரா. எதுன்னாலும் காலர் மைக் வாங்கிருங்க, மலைக்காத்துல பேச்சு அடிபட்டா அதே மாதிரி இன்னொரு தடவ சொல்ல மாட்டாங்க.