மைலோவும் அலெக்ஸ் ஜோன்ஸும்: யாரை எது வீழ்த்தியது?

அமெரிக்க வலதுசாரி அரசியலில் சீண்டிப் பேசியே கூட்டம் சேர்த்தவர்கள் இருவரும்.

மைலோ யனோபோலஸுக்குப் பெரும்பாலும் இரவல் மேடைதான். 2016 ஜூலையில் ட்விட்டர் நிரந்தரமாக நீக்கியது. 2017 பிப்ரவரியில் சிறார் பாலுறவு பற்றிய அவரது பழைய பேச்சு வெளிவந்ததும் புத்தக ஒப்பந்தமும் ப்ரைட்பார்ட் செய்தித்தள வேலையும் அடுத்தடுத்துப் போயின.

ஜோன்ஸுக்கு இன்ஃபோவார்ஸ் தளமும் சத்து மாத்திரைக் கடையும் சொந்தமாக இருந்தன. 2018 ஆகஸ்டில் யூடியூப், ஃபேஸ்புக் நீக்கியும் வியாபாரம் நிற்கவில்லை. ஆனால், சாண்டி ஹூக் பள்ளியில் 20 குழந்தைகள் உட்பட 26 பேர் கொல்லப்பட்டதை நாடகம் என்றார்; பிள்ளையைப் பறிகொடுத்த பெற்றோருக்கே மிரட்டல் போனது. மன்னிக்க முடியாத கொடுமை இது. அந்தக் குடும்பங்கள் தொடுத்த வழக்கில் கேட்ட ஆவணங்களை ஒழுங்காகத் தராததால், விசாரணைக்கு முன்பே நீதிபதி அவரைப் பொறுப்பாளி ஆக்கினார். ஜூரிக்கு மிச்சமிருந்தது இழப்பீட்டுக் கணக்குதான்: 2022 அக்டோபரில் கனெக்டிகட் மாநிலத்தில் 96.5 கோடி டாலர். திவால் மனு போட்டும் அதில் பெரும்பகுதி தள்ளுபடி ஆகவில்லை.